மாமி அரசியல்

சென்னையிலிருந்து திருச்சிக்குக் காரில் போகிறவர்களுக்கு ரஞ்சன்குடி என்பது ஐந்து விநாடி. கண்ணாடி வழியாக ஒரு கோட்டை தெரியும். 'அட, கோட்டை!' என்று குழந்தை கை நீட்டுவதற்குள் வண்டி பெரம்பலூரை நெருங்கிவிடும். ஆற்காடு நவாபின் கீழ் இருந்த ஒரு ஜாகிர்தார் கட்டியது. 1751-ல் சந்தா சாகிப் தரப்புக்கும் முகமது அலி தரப்புக்கும், அதாவது பிரெஞ்சுக்காரர்களுக்கும் ஆங்கிலேயர்களுக்கும், இந்த வட்டாரத்தில்தான் வாலிகொண்டா சண்டை நடந்தது. யார் யாருடைய ஆள் என்பதை நினைவில் வைத்துக்கொள்ள முடியாமல் நான் பள்ளியில் வாங்கிய மதிப்பெண்ணை இங்கே சொல்லப்போவதில்லை.

நான் இறங்கியது கோட்டைக்காக இல்லை. அக்காவைப் பார்க்க. ரஞ்சன்குடி பக்கத்தில்தான் அவளைக் கட்டிக்கொடுத்தோம், 1992-ல். தை மாதத்தில் அந்தப் பக்கம் போனால் ரோட்டோரமெல்லாம் மஞ்சள் பாய் விரித்த மாதிரி மக்காச்சோளம் காயும். தமிழ்நாட்டில் மக்காச்சோளம் என்றால் பெரம்பலூர்தான். பருத்திக்கும் சின்ன வெங்காயத்துக்கும் அதற்கடுத்துப் பேர். காலால் அளைந்து புரட்டிப் போட்டுக்கொண்டிருப்பது எல்லாம் பெண்கள். தலையில் துண்டு, ஆம்பளைச் சட்டை, கையில் பலகைத் தள்ளி.

என் பையில் இரண்டு புத்தகங்கள் இருந்தன. ஒன்று கவிமணி தேசிகவிநாயகம் பிள்ளையின் 'நாஞ்சில் நாட்டு மருமக்கள்வழி மான்மியம்'. இன்னொன்று லூயிஸ் ஹென்றி மார்கன் என்ற அமெரிக்க வக்கீல் 1851-ல் இரோக்குவாய் இந்தியர்களைப் பற்றி எழுதியது. இந்த ஜோடிப் பொருத்தம் எப்படி வந்தது என்றால், போன மாதம் ஒரு கூட்டத்தில் ஒரு பேச்சாளர் பொளந்து கட்டினார். 'அமெரிக்காவில் செவ்விந்தியப் பெண்கள் தலைவனை நியமித்தார்கள், நீக்கினார்கள். அங்கே மட்டுமா? நம்மிடம் இல்லையா? நாஞ்சில் நாட்டில் தாய்வழிச் சமூகம் இல்லையா? பெண்ணாட்சி தமிழனுக்குப் புதிதா?' கைதட்டல். நானும் தட்டினேன். வீட்டுக்கு வந்த பிறகு கை உறுத்தியது. இரண்டும் ஒன்றா? சரிபார்க்காமல் தட்டிவிட்டோமே!

நான் பி.காம். இலக்கியம் படித்தவனில்லை. எனக்குத் தெரிந்த விமர்சன முறை ஒன்றுதான்: இடது பக்கமும் வலது பக்கமும் ஒத்துப்போகிறதா என்று பார்ப்பது. பார்த்தேன். ஒத்துப்போகவில்லை.

முதலில் இரோக்குவாய். இன்றைய நியூயார்க் மாநிலத்திலும் கனடா எல்லையிலும் இருந்த மோஹாக், ஒனைடா, ஒனண்டாகா, கயூகா, செனகா என்ற ஐந்து இனங்களின் கூட்டணி. 1722-ல் டஸ்கரோரா சேர்ந்து ஆறு. அவர்கள் தங்களை 'நீள்வீட்டுக்காரர்கள்' என்றுதான் அழைத்துக்கொண்டார்கள். மரச்சட்டத்தில் பட்டை வேய்ந்த ஒரு நீ...ள வீடு. ஒரு தாய், அவள் மகள்கள், பேத்திகள், அவரவர் குடும்பம் என்று வரிசையாக அடுப்புகள். கல்யாணம் ஆனால் மாப்பிள்ளைதான் மூட்டையைக் கட்டிக்கொண்டு பெண் வீட்டுக்கு வர வேண்டும். நம்மூரில் 'வீட்டோட மாப்பிள்ளை' என்றால் சினிமாவில் கவுண்டமணி உதைக்கிற கேரக்டர். அங்கே எல்லா ஆம்பளையும் வீட்டோட மாப்பிள்ளை. சரிப்பட்டு வரவில்லையென்றால், 'போர்வையை எடுத்துக்கிட்டு நடையைக் கட்டு' என்று வீட்டுப் பெண்கள் சொல்லிவிடலாம் என்று அவர்களோடு பல வருஷம் இருந்த ஒரு பாதிரியார் எழுதிவைத்திருக்கிறார்.

மக்காச்சோளம், பீன்ஸ், பூசணி மூன்றையும் ஒரே குழியில் போடுவார்கள். சோளத்தண்டில் பீன்ஸ் ஏறும், பூசணி இலை நிலத்தை மூடிக் களையை அடக்கும். 'மூன்று சகோதரிகள்' என்று பெயர். உழைப்பு முழுக்கப் பெண்களுடையது. கூட்டணிச் சபையில் ஐம்பது தலைவர் பதவிகள். உட்காருவது ஆண்கள்தான். ஆனால் ஒவ்வொரு பதவியும் ஒரு தாய்வழிக் குலத்துக்குச் சொந்தம். யாரை உட்காரவைப்பது என்பதைக் குலத்தாய் சொல்வாள். அவன் ஒழுங்காக நடக்கவில்லையென்றால் எச்சரிப்பார்கள், மறுபடி எச்சரிப்பார்கள், அப்புறம் 'கொம்பை'க் கழற்றிவிடுவார்கள். பதவிக்கு அடையாளம் மான்கொம்பு. சண்டைக்குப் போகிறவனுக்குக் கையில் காய்ந்த சோளமும் காலில் தோல்செருப்பும் வேண்டும். இரண்டும் பெண்களிடம். தரமாட்டோம் என்றால் சண்டை கிடையாது. ராணுவ பட்ஜெட்டை இவ்வளவு எளிமையாக நிறுத்திவைக்க முடிந்த இன்னொரு நாடாளுமன்றம் எனக்குத் தெரியாது.

ஒரு நிமிஷம். பொற்காலம் என்று கிளம்பிவிடாதீர்கள். இவ்வளவையும் எழுதிய அதே மார்கன், அதே புத்தகத்தில், இந்தியன் தன் பெண்ணைத் தாழ்வாகத்தான் நினைத்தான் என்றும் எழுதுகிறார். சபையில் பேசியது ஆண்கள். பெண்கள் சார்பிலும் ஒரு ஆண்தான் எழுந்து பேசுவான். மார்கனைப் படித்துத்தான் எங்கெல்ஸ் 1884-ல் குடும்பம், தனிச்சொத்து, அரசு பற்றிய புத்தகத்தை எழுதினார். அதைப் படித்துத்தான் நம்மூர்த் தோழர்கள் மேடையில் பேசினார்கள். இந்தப் பயணத்தில் மார்கனின் குறுக்கு வாக்கியங்கள் எல்லாம் எங்கோ இறங்கிவிட்டன.

இந்தக் குழப்பத்தைத் தீர்த்துவைத்தவர் ஜூடித் பிரவுன் என்ற மானுடவியலாளர். 1970-ல் ஒரு கட்டுரை எழுதினார். அவர் கேட்ட கேள்வி எனக்குப் பிடித்துப்போனது, ஏனென்றால் அது கணக்குப்பிள்ளை கேள்வி. உலகம் முழுக்கப் பெண்கள் வயலில் உழைக்கிறார்கள். ஆப்பிரிக்காவில் பெம்பா இனப் பெண்களும் உழைக்கிறார்கள், தாய்வழி வம்சமும் இருக்கிறது. பிறகு ஏன் இரோக்குவாய்ப் பெண்ணுக்கு மட்டும் தலைவனை நீக்குகிற தெம்பு? பதில்: உழைப்பு காரணமில்லை, வம்சமும் காரணமில்லை. விளைந்ததைச் சேர்த்துவைக்கிற இடமும் அதிலிருந்து எடுத்துக் கொடுக்கிற உரிமையும் அவர்களிடம் இருந்தது. அவ்வளவுதான். கம்பெனிச் சட்டம் படித்த யாரும் இதைச் சட்டென்று பிடித்துக்கொள்வார்கள். ஷேர் யார் பெயரில் என்பது ஒரு கேள்வி. செக்கில் யார் கையெழுத்து என்பது வேறு கேள்வி.

இந்தப் பென்சிலைக் காதில் செருகிக்கொண்டு நாஞ்சில் நாட்டுக்கு வருவோம்.

திருவிதாங்கூர் சமஸ்தானத்தில் இருந்த நாஞ்சில் நாட்டு வேளாளர்களில் ஒரு பிரிவினர் மருமக்கள்வழி. சொத்து மகனுக்குப் போகாது, சகோதரியின் மகனுக்குப் போகும். குடும்பத்தை ஆள்கிறவர் காரணவர், அதாவது தாய்மாமன். அவர் செத்தால் மருமகன் காரணவர். பெண்டாட்டிக்கும் பிள்ளைக்கும் 'உகந்துடைமை' என்று ஏதோ கொஞ்சம் உண்டு. அதற்கும் கோர்ட்டுப் படி ஏற வேண்டும்.

கவிமணி 1876-ல் தேரூரில் பிறந்தவர். தோட்டத்துப் பசுவையும் கன்றையும் பாடிய குழந்தைக் கவிஞராகத்தான் நமக்குத் தெரியும். மான்மியத்தைப் படித்தால் இவரா அவர் என்று இருக்கும். முதலில் பத்திரிகையில் தொடராக வந்தது. நூலானது 1942-ல். ஒரு காரணவரின் ஐந்தாவது மனைவி தன் கதையைச் சொல்கிறாள். புராணம் மாதிரி படலம் படலமாகப் போகும். ஆனால் பாட்டுடைத் தலைவனுக்குப் பதில் பழங்கலத்துச் சண்டை. நாஞ்சில் நாட்டுப் பேச்சு அப்படியே வந்து உட்காரும். வழக்குக்குப் போய்ச் சொத்தைத் தொலைத்த கதைக்கு 'கோடேறிக் குடிமுடித்த படலம்' என்று பெயர் வைத்திருக்கிறார். வக்கீல் வீட்டு வாசலில் மாட்டிவைக்கலாம்.

சிரித்துக்கொண்டே படித்தேன், உண்மை. தமிழில் இவ்வளவு சத்தமாகச் சிரிக்கவைக்கிற சமூகச் சீர்திருத்த நூல் அபூர்வம். பிரசாரம் செய்கிறவர்களுக்குப் பொதுவாக முகம் இறுகிவிடும். கவிமணிக்கு இறுகவில்லை. ஒரு ஆண் எழுதிய பெண் குரல் என்ற சந்தேகம் ஓரிரு இடத்தில் வந்தாலும், அந்த ஐந்தாம் மனைவியின் வயிற்றெரிச்சல் நிஜம். புருஷன் உயிரோடு இருக்கும்வரை வேலைக்காரி, செத்த பிறகு வெளியாள். இந்த அநியாயத்தைப் பார்த்துவிட்டு, 'ஆஹா, தாய்வழிச் சமூகம்' என்று மேடையில் உருகுகிறவர்கள் ஒருமுறை இந்தப் பாட்டைப் படித்துவிட்டு உருகட்டும்.

எனக்குச் சண்டை வருவது ஒரு படலத் தலைப்பில். 'மாமி அரசியற் படலம்.'

மாமியார் ஆட்சி. கிண்டலுக்காக வைத்த பெயர். எந்தக் காலத்திலும் கைதட்டல் வாங்கும், இன்றைக்கு டி.வி. சீரியலுக்கும் அதே பெயரை வைக்கலாம். ஆனால் நீள்வீட்டுக் கதையைப் படித்துவிட்டு இந்தத் தலைப்பைப் பார்த்தால் உறைக்கிறது. அந்த வீட்டில் உண்மையிலேயே ஒரு அரசியல் நடந்திருக்கிறது. காரணவரின் அம்மா, காரணவரின் சகோதரி. சொத்து அவர்கள் வயிற்று வழியாகத்தான் இறங்குகிறது. அவர்களுக்கு அந்த வீட்டில் ஒரு பிடி இருந்திருக்கிறது. கவிமணி அதைப் பார்த்துவிட்டார். பெயரும் வைத்துவிட்டார். ஆனால் அது அடுப்படி வில்லத்தனமாக மட்டும்தான் அவர் கண்ணில் பட்டது. மாமியின் பக்கத்துக் கணக்கு என்ன? அவள் கையில் இருந்தது என்ன, இல்லாதது என்ன? அவள் ஏன் இன்னொரு வீட்டுப் பெண்ணை அப்படிப் படுத்தினாள்? பாட்டு அங்கே போகவே இல்லை.

கொஞ்சம் யோசித்தால் பதில் பாட்டிலேயே கிடக்கிறது. மான்மியத்து மனைவிகள் வாழ்வது புருஷன் வீட்டில். அவர்கள் பிள்ளைகளுக்குப் பங்கு இருப்பதோ தாய்மாமன் வீட்டில். வீடு ஒரு இடம், பங்கு வேறு இடம். நீள்வீட்டில் இந்தப் பிளவு கிடையாது. பெண் பிறந்த வீட்டிலேயே இருக்கிறாள், பங்கும் அங்கேதான், வெளியிலிருந்து வருகிறவன் புருஷன். நாஞ்சில் நாட்டிலோ ஒவ்வொரு பெண்ணும் ஒரு வீட்டில் மாமி, இன்னொரு வீட்டில் ஐந்தாவது மனைவி. உரிமை உள்ள வீட்டில் அவள் குடியில்லை, குடியிருக்கிற வீட்டில் உரிமையில்லை. இடையில் சாவிக்கொத்தை இடுப்பில் செருகிக்கொண்டு இருந்தவர் யார்? காரணவர். பாட்டில் அவர் கோமாளியாக வந்து தப்பித்துவிடுகிறார். திட்டு எல்லாம் மாமிக்கு.

சொத்து பெண் வழியாகப் போனது, சரி. குழாய் வழியாகத் தண்ணீர் போகிறது என்பதற்காகக் குழாய் குடித்தது என்று சொல்ல முடியுமா?

தமிழர்களிடையே நீள்வீட்டுக்கு இதைவிடப் பக்கத்தில் வருவது இலங்கையின் மட்டக்களப்பு. அங்கே 'குடி' என்பது தாய்வழி. வீடும் வயலும் சீதனமாக மகளுக்கு, மாப்பிள்ளை வருவது பெண் வீட்டுக்கு. நம்ம காயல்பட்டினத்திலும் கீழக்கரையிலும் மகளுக்கு வீடு கொடுக்கிற வழக்கம் உண்டு. மேகாலயாவில் காசி இனத்தில் கடைசி மகளுக்கு வீட்டுச் சொத்து. ஆனால் மட்டக்களப்பில் கோயில் நிர்வாகத்தில் குடியின் பெயரால் உட்காருவது ஆண்கள். காசிகளின் ஊர்ச்சபையான தர்பாரில் மரபுப்படி பெண்களுக்கு இடமே இல்லை. வீடு அவளுக்கு, ஊர் அவனுக்கு. செனகா குலத்தாய் இதைக் கேட்டால், வீட்டை வைத்துக்கொண்டு ஊரை ஏனம்மா விட்டீர்கள் என்று கேட்டிருப்பாள்.

மருமக்கள்வழி எப்படி முடிந்தது என்பதும் ஒரு வேடிக்கை. 1925-ல் நாயர்களுக்கு, 1926-ல் நாஞ்சில் நாட்டு வேளாளர்களுக்கு என்று திருவிதாங்கூரில் அடுத்தடுத்து சட்டம் வந்தது. மான்மியத்துக்கும் அதில் ஒரு பங்கு உண்டு என்பார்கள். அப்போது ஆட்சியில் இருந்தவர் ரீஜண்ட் மகாராணி சேது லட்சுமி பாய். தாய்வழி மரபால் ராணியானவர், தாய்வழி மரபை மாற்றும் சட்டத்துக்குக் கையெழுத்துப் போட்டார். சிரிப்பதா என்ன செய்வதா தெரியவில்லை.

அங்கே அமெரிக்காவில் கையெழுத்து போதவில்லை, நெருப்பு தேவைப்பட்டது. 1779-ல் ஜார்ஜ் வாஷிங்டன் அனுப்பிய படை இரோக்குவாய் ஊர்கள் நாற்பதையும் சோளக்கொல்லைகளையும் கொளுத்தியது. அவருக்கு அவர்கள் வைத்த பெயர் 'ஊரழிப்பவன்'. 1791-ல் செனகாப் பெண்கள் ஒரு அமெரிக்க அதிகாரியிடம், நிலம் எங்களுடையது, பாடுபடுகிறவர்கள் நாங்கள், எங்களையும் கேளுங்கள் என்று முறையிட்டார்கள். பிறகு கிறிஸ்தவத் தொண்டர்கள் வந்து, வயல்வேலை ஆணுக்கு, தறியும் சமையலும் பெண்ணுக்கு என்று அன்போடு சொல்லிக்கொடுத்தார்கள். கலப்பை கைமாறியது. 1848-ல் செனகா தேசம் புது அரசியல் சட்டம் எழுதி, தலைவர்களை ஒழித்துத் தேர்தல் கொண்டுவந்தது. நவீன ஜனநாயகம்! ஓட்டு ஆண்களுக்கு. பெண்களுக்கு ஓட்டு கிடைத்தது 1964-ல். இதில் இன்னொரு கூத்து, அதே 1848-ல், அதே நியூயார்க் மாநிலத்தில், செனகா ஃபால்ஸ் என்ற ஊரில்தான் வெள்ளைக்காரப் பெண்கள் கூடி ஓட்டுரிமை கேட்டார்கள். அந்த இயக்கத்தின் மட்டில்டா கேஜ் போன்றவர்களுக்கு இரோக்குவாய்ப் பெண்கள்தான் முன்மாதிரி. இவர்கள் பார்த்துக் கற்றுக்கொண்டிருந்தபோது, அவர்கள் இழந்துகொண்டிருந்தார்கள்.

கவிமணி கேட்டது மக்கள்வழி. புருஷன் சொத்து பெண்டாட்டி பிள்ளைகளுக்கு. நியாயம்தான். ஆனால் அவர் கைகாட்டிய அந்த மக்கள்வழி நாட்டில்தான் எங்கள் அப்பாயி வாழ்ந்தார். பெரம்பலூர்ச் சீமை. அங்கே மாமனும் இல்லை, மருமகனும் இல்லை, சுத்தமான அப்பன்–மகன் கணக்கு. அப்பாயி பேரில் ஒரு செண்ட் கிடையாது. பட்டா தாத்தா பேரில், பிறகு அப்பா பேரில், இப்போது என் பேரில்.

ஆனால் அப்பாயியிடம் குதிர் இருந்தது.

மண் உறைகளை அடுக்கிப் பூசிய குதிர், வீட்டு மூலையில் என்னைவிட மூன்று மடங்கு உயரம். ஒன்றில் கம்பு, ஒன்றில் சோளம், சின்னதில் வரகு. அடியில் ஒரு ஓட்டை, பழந்துணியை உருட்டி அடைத்திருக்கும். அந்தத் துணியை உருவும் உரிமை அந்த வீட்டில் ஒரே ஒரு ஆளுக்குத்தான். கூலிக்கு எத்தனை படி, கோயிலுக்கு எத்தனை மரக்கால், பஞ்சத்துக்கு வந்த சொந்தக்காரனுக்கு எவ்வளவு, விதைக்கு எவ்வளவு, எல்லாம் அப்பாயி வாயிலிருந்து வர வேண்டும். தாத்தா ஊரில் பெரிய மனுஷன். பஞ்சாயத்துக்குத் துண்டை உதறிக்கொண்டு போவார். ஆனால் சாராயத்துக்கு ஒரு படி கம்பு வேண்டுமென்றால் அப்பாயி தூங்குகிற நேரம் பார்க்க வேண்டும். ஒருமுறை மாட்டிக்கொண்டார். அன்றைக்கு வீட்டில் நடந்தது மாமி அரசியற் படலம்தான். நான் திண்ணையில் உட்கார்ந்து கேட்டேன்.

பிறகு குதிர் உடைந்தது. யாரும் உடைக்கவில்லை. ரேஷன் அரிசி வந்தது, பருத்தி வந்தது, பின்னால் மக்காச்சோளம் வந்தது. அறுத்தால் மெஷின் காட்டுக்கே வந்து உதிர்த்துவிடுகிறது. வியாபாரி ஈரம் பார்க்கிறார், கழிக்கிறார், மூட்டை லாரி ஏறுகிறது, கோழித்தீவன ஆலைக்கு. பணம் பட்டாதாரர் கணக்குக்கு. 2018-ல் அமெரிக்கன் படைப்புழு வந்து காட்டைத் தின்றது. பயிரும் அங்கிருந்து, புழுவும் அங்கிருந்து. குலத்தாய் மட்டும் வரவில்லை.

இனி என் கணக்கு.

என்னை பி.காம். படிக்கவைத்தது எங்கள் காட்டுப் பருத்தி. கல்யாணத்துக்கு முன்னால் அதில் களை எடுத்தது அக்கா. எட்டாவதோடு நின்றவள். நான் திருச்சியில் ஹாஸ்டலில் இருந்தபோது, ரஞ்சன்குடியிலிருந்து கைப்பிள்ளையோடு வந்து பருத்தி எடுத்துக்கொடுத்துவிட்டுப் போவாள். 2009-ல் அப்பா தவறினார். பாட்டன் சொத்து. தமிழ்நாட்டில் மகளுக்கும் சம பங்கு என்று 1989-லேயே சட்டம் வந்தாயிற்று. அப்போது கல்யாணமாகாத பெண்களுக்கு. அக்காவுக்கு ஆனது 1992-ல். 2005-ல் நாடு முழுக்கச் சட்டம். 2020-ல் உச்ச நீதிமன்றம் இருந்த சந்தேகத்தையும் தீர்த்துவைத்தது. எனக்கு இதெல்லாம் தெரியாது என்று சொல்ல முடியாது. 2009-க்கு முன்னாலேயே 'பெண்களுக்குச் சொத்துரிமை' என்று இதே மாதிரி ஒரு பக்கத்தில் நானே எழுதியிருக்கிறேன். நல்ல கட்டுரை என்று கடிதங்கள் வந்தன.

கருமாதி முடிந்த மூன்றாம் மாதம் அக்கா சார்பதிவாளர் ஆபீஸில் விடுதலைப் பத்திரத்தில் கையெழுத்துப் போட்டாள். 'நகை போட்டாச்சு, சீர் செஞ்சாச்சு, தம்பிக்கு விட்டுக்கொடுத்துரு' என்று அம்மாவும் பெரியவர்களும் சொன்னார்கள். நான் எதுவும் சொல்லவில்லை. அதுதான் விஷயம், நான் எதுவும் சொல்லவில்லை. வரும்போது எனக்கு இளநீர் வாங்கிக்கொடுத்தாள். காசு அவள் கொடுத்தாள்.

2015-16 விவசாயக் கணக்கெடுப்பின்படி, இந்தியாவில் நிலம் வைத்துப் பயிர் செய்கிறவர்களில் பெண்கள் நூற்றுக்குப் பதினாலு பேர். இந்தப் பதினாலு ஏன் இருபதாகவில்லை, ஐம்பதாகவில்லை என்று பொருளாதார நிபுணர்கள் ஆராயலாம். எங்கள் வீட்டுக் கதையில் என்னைக் கேட்டாலே போதும்.

ஊராட்சியிலும் இதேதான். தமிழ்நாட்டில் 1996 தேர்தலில் பெண்களுக்கு மூன்றில் ஒரு பங்கு, 2016-ல் சட்டத்தைத் திருத்திப் பாதி என்றார்கள். 2019 டிசம்பரில் நடந்த தேர்தலுக்குப் பிறகு ஒரு ஊராட்சியில் தலைவரைப் பார்க்கப் போனேன். பார்த்தேன். வெள்ளைச் சட்டை, மீசை. 'தலைவருங்களா?' என்றேன். 'ஆமாங்க, வீட்டுக்காரம்மாதான் பதவி' என்றார். வீட்டுக்காரம்மா காபி கொண்டுவந்தார். எல்லா ஊரும் அப்படியில்லை. செக்கைத் தானே வைத்துக்கொண்டு கான்ட்ராக்டரை நிற்கவைத்துக் கேள்வி கேட்ட தலைவிகளையும் நான் பார்த்திருக்கிறேன். அவர்களைப் பார்த்தால் ஊரில் பாதிப் பேர் என்ன சொல்வார்கள் தெரியுமா? 'ரொம்ப அரசியல் பண்ணுறா.'

2023 செப்டம்பரிலிருந்து மகளிர் உரிமைத்தொகை ஆயிரம் ரூபாய் பெண்களின் கணக்கில் விழுகிறது. 2025 ஏப்ரலிலிருந்து பெண் பெயரில் பத்து லட்சம் வரை சொத்து பதிந்தால் பதிவுக் கட்டணத்தில் ஒரு சதவீதம் குறைவு. நல்ல விஷயங்கள். ஆனால் கட்டணம் குறைகிறது என்பதற்காகப் பெண்டாட்டி பேரில் பதிந்துவிட்டுப் பத்திரத்தைத் தன் பீரோவில் வைத்துப் பூட்டுகிற காரணவர்களை நமக்குத் தெரியாதா?

இந்தத் தடவை ரஞ்சன்குடிக்கு நான் போனது காட்டைப் பற்றிப் பேசத்தான். பதினைந்து வருஷம் தாமதம். பாதியை அக்கா பேரில் எழுதிவிடுவது என்று முடிவு செய்து, பட்டா நகல், வரைபடம் எல்லாம் எடுத்துப் போயிருந்தேன். புத்தகங்கள் அதற்கு மேலே கிடந்தன.

சோளத்தைப் புரட்டிக்கொண்டே கேட்டாள். நீள்வீட்டுக் கதையையும் சொன்னேன். மாப்பிள்ளை போர்வையை எடுத்துக்கொண்டு போகிற இடத்தில் கோட்டை வரை கேட்கிற மாதிரி சிரித்தாள். பக்கத்தில் புரட்டிக்கொண்டிருந்த பெண்களும் சிரித்தார்கள். மாமா கொஞ்சம் தள்ளிக் கட்டிலில் உட்கார்ந்து போனில் வியாபாரியிடம் பேசிக்கொண்டிருந்தார்.

"அந்தச் சோளத்தை அவளுவ வித்தாளுவளா?" என்றாள் அக்கா.

"இல்லக்கா. திங்கிறதுக்கு. மிச்சத்தைச் சேத்து வெச்சுக்குவாங்க."

"அதான். திங்கிற சோளம்னா நம்ம அப்பாயி கணக்கா நாந்தான் அளக்கணும். இது கோழி திங்கிற சோளம். லாரிக்காரன் அளக்குறான்."

ஜூடித் பிரவுன் ஒரு கட்டுரையில் சொன்னது. நான் அந்த இடத்திலேயே மெதுவாகப் பையைத் திறந்து வரைபடத்தை எடுத்தேன். தெற்குப் பாதி உனக்கு, வடக்குப் பாதி எனக்கு, செலவெல்லாம் என்னோடது என்றேன். வாங்கித் தலைகீழாகப் பிடித்தாள். திருப்பிக் கொடுத்தேன். விரலை வைத்து வரப்பு வரப்பாகப் போனாள். அவளுக்கு அந்தக் காடு காலில் தெரியும், காகிதத்தில் இப்போதுதான் பார்க்கிறாள்.

"யாரு பேர்ல எழுதப்போற? எம் பேர்லயா, மாமா பேர்லயா?"

"உன் பேர்லதான்."

"பணம் எடுக்குற பாஸ்புக்கு?"

"அதுவும் உன் பேர்லதான் ஆரம்பிக்கணும்."

விரல் நின்ற இடத்தில் தட்டினாள். "கேணி எதுல வருது?"

நான் பதில் சொல்லவில்லை. கேணி வடக்குப் பாதியில் இருக்கிறது. பிரித்தபோது கவனிக்கவில்லை என்று சொன்னால் நீங்கள் நம்புவீர்கள், அவள் நம்பமாட்டாள்.

"கேணியோட சேத்து எழுதுறதுன்னா எழுது தம்பி. தண்ணி இல்லாத காட்டை வெச்சுக்கிட்டு நான் வருஷா வருஷம் ஒங்கிட்ட வந்து நிக்கவா?" என்று சொல்லிவிட்டு, பலகையை எடுத்துக்கொண்டு வெயில் பக்கம் போய்விட்டாள்.

வரைபடத்தை மடித்துக் கவிமணிக்குள் வைத்துக்கொண்டு பஸ் ஏறினேன். அடுத்த வாரம் சர்வேயரைப் பார்க்க வேண்டும்.